திமோ சால்மினென்: ஒரே டைரக்டரோட கேமராமேனா, எதையும் எடுக்கத் தெரிஞ்ச ஆளா?

கடைசிவரிசை:
ஃபின்லாந்து சினிமான்னு பேச்சு எடுத்தாலே டைரக்டர் அகி கௌரிஸ்மாக்கி பேரோட முடிஞ்சிடுது. அந்தப் படங்களுக்கு லைட் போட்ட மனுஷனைப் பத்தி யாரும் பேசற மாதிரி தெரியல, அதான் திமோ சால்மினெனுக்குன்னு தனியா ஒரு இழை போடறேன். 1952ல பிறந்தவர். 1982ல அண்ணன் மிகா கௌரிஸ்மாக்கிக்கு 'தி வொர்த்லெஸ்' எடுத்தார், அடுத்த வருஷமே தம்பி அகியோட முதல் படம் 'க்ரைம் அண்ட் பனிஷ்மென்ட்', அதுல இருந்து 2023ல வந்த 'ஃபாலன் லீவ்ஸ்' வரைக்கும் அகியோட கதைப்படம் ஒவ்வொண்ணுக்கும் இவர்தான் கேமரா. நாப்பது வருஷம். நடுவுல ஹீரோ மாறியாச்சு, ஹீரோயின் மாறியாச்சு, மத்தி பெல்லோன்பா மாதிரி ஒரு நடிகர் 1995ல செத்தே போயிட்டார், கேமராவுக்குப் பின்னாடி நிக்கிற ஆள் மட்டும் மாறவே இல்ல.

என் கேள்வி இதுதான். இவரை வெர்சடைல்னு, அதாவது எதையும் எடுக்கத் தெரிஞ்சவர்னு சொல்லலாமா? நான் சொல்லலாம்னு சொல்றேன். கலர், கருப்பு வெள்ளை, மௌனப்படம், அமேசான் காடு, தென் அமெரிக்காவோட படகோனியா பொட்டல் எல்லாம் எடுத்திருக்கார். அடிக்கிறவங்க வாங்க.

ராத்திரிஷோ:
வந்துட்டேன்.

பாஸ், எனக்கும் அந்தாளைப் பிடிக்கும். ஆனா வெர்சடைல்ங்கறது ரொம்ப ஓவர். எந்தப் படத்தை வேணா போடுங்க, அதே நீலச் சுவரு, அதே சிகப்பு சோபா, நடுவுல ஒருத்தர் விறைப்பா நின்னு சிகரெட் பிடிப்பார், கேமரா அசையாது. 1990ல 'ஐ ஹையர்ட் எ கான்ட்ராக்ட் கில்லர்' எடுக்க லண்டன் போனாங்க, ழான் பியர் லியோவை ஹீரோவாப் போட்டு, பாத்தா லண்டன் அப்படியே ஹெல்சின்கி மாதிரியே இருக்கு. 2011ல பிரான்ஸ்ல 'லு ஆவ்ர்' எடுத்தாங்க, அதுவும் ஹெல்சின்கி மாதிரியே இருக்கு. ஊர் மாறினாலும் படம் மாறலன்னா அதுக்குப் பேரு ஸ்டைல். நல்ல ஸ்டைல்தான், இல்லேங்கல. ஆனா வெர்சடைல்னா எனக்கு கேமராமேன் ராபி முல்லர். வெண்டர்ஸுக்கு 'பாரிஸ் டெக்சாஸ்', ஜார்முஷுக்கு 'டவுன் பை லா', வான் ட்ரியருக்கு 'ப்ரேக்கிங் த வேவ்ஸ்'. மூணும் ஒரே ஆள் எடுத்ததுன்னு சொன்னா பாதி பேர் நம்ப மாட்டாங்க. சால்மினென் படத்தை அஞ்சு செகண்ட் பாத்தா போதும், கண்டுபிடிச்சிடலாம்.

பட்டர்பேப்பர்:
நான் கேமரா டிபார்ட்மென்ட்ல அசிஸ்டென்டா இருக்கேன், அதனால கொஞ்சம் லைட் பக்கம் இருந்து பேசறேன், போரடிச்சா தாண்டிப் போயிடுங்க.

இப்ப நாங்க செட்ல என்ன பண்றோம்? லைட்டை நேரா ஆள் மேல அடிக்கறதே இல்ல. ஒண்ணு தெர்மோகோல்ல அடிச்சு பவுன்ஸ் எடுப்போம், இல்ல முன்னாடி துணி, பட்டர் பேப்பர் ஏதாவது கட்டி சாஃப்ட் ஆக்குவோம். முகம் அழகா வரும், நிழல் மங்கிடும், ஆர்டிஸ்ட் ஒரு அடி தள்ளி நின்னாலும் ஒண்ணும் தெரியாது. மிச்சத்தை டிஐல, அதாவது அப்புறமா கம்ப்யூட்டர்ல கலர் சரி பண்றப்ப பாத்துக்கலாம். சால்மினென் இதுக்கு நேர் எதிர். லென்ஸ் வெச்ச லைட்டு, நடுவுல எதுவும் இல்லாம நேரா முகத்துல. நிழல் கத்தி மாதிரி விழும். நிறைய ஷாட்ல பின்னாடி சுவத்துல ஆளோட நிழல் அப்படியே தெரியும், நம்ம ஊர் செட்ல அப்படித் தெரிஞ்சா உடனே ஒருத்தர் கத்துவார், லைட்டை ஏத்துன்னு. இவர் அதை விட்டு வெச்சிருப்பார்.

இதுல என்ன கஷ்டம்னா ஹார்ட் லைட்ல மன்னிப்பே கிடையாது. ஆர்டிஸ்ட் நிக்கறதுக்குன்னு குறிச்ச இடத்தை விட்டு அரை அடி நகந்தா மூக்கு நிழல் வாய் மேல விழுந்துடும். அதுலயும் அகி டேக் வாங்கறதே ரொம்பக் கம்மி, பல சமயம் முதல் டேக்லயே ஓகே சொல்லிட்டுப் போயிடுவார்னு அவரே பேட்டிகள்ல சொல்லியிருக்கார். டேக்குக்கு டேக் லைட்டை சரி பண்ணிக்கலாம்ங்கற வசதியே கிடையாது.

அந்த நீலச் சுவர் பத்தி. பெயின்ட் அடிச்சா மட்டும் அந்தக் கலர் வராதுங்க. ரூம் முழுக்க சாஃப்ட் லைட்டைப் பரப்பினா சுவரோட கலர் வெளுத்துப் போகும். இவர் முகத்துக்கு தனியா, சுவத்துக்கு தனியா, எவ்வளவு வேணுமோ அவ்வளவு மட்டும் விடறார். அதனாலதான் நீலம் நீலமாவே நிக்குது.

ராத்திரிஷோ:
//இதுல என்ன கஷ்டம்னா ஹார்ட் லைட்ல மன்னிப்பே கிடையாது//

சூப்பர் விளக்கம், நிஜமா புதுசா கத்துக்கிட்டேன். ஆனா நீங்க சொன்னது அவர் திறமைசாலிங்கறதுக்கு ஆதாரம். நான் அதை மறுக்கவே இல்லியே. ஒரே விஷயத்துல கில்லாடின்னு நீங்களே நிரூபிச்சிட்டீங்க.

சினிமாகிறுக்கி:
ராத்திரிஷோ, கருப்பு வெள்ளைப் படங்களை மட்டும் வரிசையா பாருங்க, அப்புறம் பேசலாம். அகியும் சால்மினெனும் சேந்து பண்ணினதுல அஞ்சு இருக்கு. 1985ல 'கலமாரி யூனியன்', 1987ல 'ஹாம்லெட் கோஸ் பிசினஸ்', 1992ல 'லா வி டி போஎம்', 1994ல 'டேக் கேர் ஆஃப் யுவர் ஸ்கார்ஃப், டாட்டியானா', 1999ல 'யூஹா'. ஒண்ணு மாதிரி இன்னொண்ணு இருக்காது.

கலமாரி யூனியன்ல ஃபிராங்க்னு ஒரே பேர் வெச்சுக்கிட்டு ஒரு கூட்டம் ஹெல்சின்கில கல்லியோங்கற ஏழைப்பட்ட ஏரியால இருந்து ஏய்ராங்கற பணக்கார ஏரியாக்கு போறதுக்காக உயிரை விடுவாங்க, அதுதான் மொத்தக் கதையும். ராத்திரி ரோடு, சப்வே, பார், கிடைச்ச வெளிச்சத்துல அள்ளிக்கிட்டு வந்த மாதிரி ஒரு அழுக்கு இருக்கும் படத்துல. ரெண்டே வருஷத்துல ஹாம்லெட், அதுல பழைய ஹாலிவுட் க்ரைம் படம் மாதிரி, ஆபீஸ் ரூம்ல ஜன்னல் நிழல், கண்ணு மேல மட்டும் ஒரு கீத்து வெளிச்சம், அவ்வளவு பாலிஷ். கம்பெனி வாரிசுச் சண்டை எதுக்குன்னா ரப்பர் வாத்து பிசினஸுக்கு. சிரிப்பு தாங்காது, ஆனா லைட்டிங் ஒரு துளி கூட சிரிக்காது, அதனாலதான் அந்த காமெடியே வேலை செய்யுது.

யூஹா வேற லெவல். யூஹானி ஆஹோ 1911ல எழுதின நாவல், அதை மௌனப்படமா எடுத்தாங்க, டைட்டில் கார்டு போட்டு, அன்ஸ்ஸி டிகன்மாக்கி இசையோட. இருபதாம் நூற்றாண்டோட கடைசி மௌனப்படம்னு அதைச் சொல்லுவாங்க. முதல் பாதில முட்டைக்கோஸ் போடற ஒரு புருஷனும் பொண்டாட்டியும், கிராமம், எல்லாம் பளிச்சுன்னு ஒரே சமமா வெளிச்சம். நகரத்துக்காரன் ஒருத்தன் வந்து அவளை ஆசை காட்டிக் கூட்டிட்டுப் போனதும் படத்தோட வெளிச்சமே மாறும், முகத்துல பாதி இருட்டுக்குள்ள போயிடும். வசனம் இல்லாததால அவ ஏமாந்துட்டான்னு யாரும் சொல்றதில்ல, அவளா நடிச்ச காத்தி ஔதினென் மூஞ்சில வெளிச்சம் எந்தப் பக்கம் இருந்து விழுதுங்கறதுலதான் நமக்குப் புரியும். ஒரே ஆள் கைதான் இதெல்லாம்.

எஸ்போவாசி:
வணக்கம் மக்களே, நான் ஃபின்லாந்துலயே வேலை பாக்கறேன். ஹெல்சின்கி வெளிச்சம் பத்தி ஒரு விஷயம் சேக்கலாமா.

இங்க டிசம்பர் கடைசில பகல்ங்கறது ஆறு மணி நேரம் கூட கிடையாது. மத்தியானம் 12 மணிக்கே சூரியன் ஏதோ அஸ்தமனம் ஆகற மாதிரி அடிவானத்துல ஒட்டிக்கிட்டு கிடக்கும், மேல ஏறவே ஏறாது, மேகம் இருந்தா அதுவும் இல்ல. ஜூன்ல நேர்மாறா கிட்டத்தட்ட 19 மணி நேரம் பகல், ராத்திரி பதினோரு மணிக்கு ஜன்னலுக்கு கறுப்புத் துணி போட்டாதான் தூக்கம் வரும். இந்த ஊர்ல ஒரு சீனை இயற்கை வெளிச்சத்துல எடுத்தா காலைல ஆரம்பிச்சதுக்கும் மத்தியானம் முடிச்சதுக்கும் மேட்ச் ஆகுமான்னு யோசிங்க. சால்மினென் விளக்கை நம்பி வேலை செய்யறதுக்கு இந்த ஊரும் ஒரு காரணமா இருக்கும்னு எனக்குத் தோணும்.

இன்னொண்ணு, ராத்திரிஷோ சொன்ன ஹெல்சின்கி வெளில போய் தேடினா கிடைக்காது. டூரிஸ்ட் வந்து போட்டோ எடுக்கற செனட் சதுக்கம், வெள்ளை கதீட்ரல் எல்லாம் படங்கள்ல நீங்க பாத்த ஞாபகம் இருக்கா? இருக்காது. துறைமுகம், குப்பை வண்டி, கன்டெய்னர் இதெல்லாம்தான். 2006ல வந்த 'லைட்ஸ் இன் த டஸ்க்' பாருங்க, ருவோஹோலஹ்தி பக்கம் கண்ணாடிக் கட்டடங்கள்ல செக்யூரிட்டி வேலை பாக்கற ஒருத்தன் கதை, அங்க அந்த பழைய சோபா கலரெல்லாம் ஒதுங்கிடும், ஜில்லுன்னு இருக்கும் படம் முழுக்க.

அகிக்கு ஹெல்சின்கில இருந்து ஒரு மணி நேரத் தொலைவுல கார்க்கிலான்னு சின்ன ஊர்ல, பழைய இரும்பு ஃபேக்டரில, கூட்டாளியோட சேந்து ஆரம்பிச்ச தியேட்டர் ஒண்ணு இருக்கு, கீனோ லைக்கான்னு பேர், 2021ல தொறந்தது. அங்க ஒரு தடவை ஒரு படம் பாத்தேன், பக்கத்து சீட்ல இருந்த பெரியவர் படம் முடிஞ்சதும் ஒரே ஒரு தடவை தலையாட்டிட்டு கோட்டைப் போட்டுக்கிட்டு கிளம்பிட்டார். படத்துல வர்ற ஆளுங்க கற்பனையே இல்லைங்க.

புதுவரவு:
ஜார்முஷோட 'நைட் ஆன் எர்த்' கடைசிக் கதை ஹெல்சின்கி டாக்ஸில நடக்குமே, மத்தி பெல்லோன்பா ஓட்டுவாரே, அதுவும் இவர்தானே எடுத்தது?

சினிமாகிறுக்கி:
இல்ல. அந்தப் படம் முழுக்க ஃபிரெடரிக் எல்ம்ஸ். அந்த ஹெல்சின்கி கதையோட நடிகர்கள் மட்டும்தான் அகி கூட்டம்.

லாசப்பல்:
நான் பாரிசில இருக்கிறன். 'லு ஆவ்ர்' படத்தை இங்க தியேட்டரில பாத்தனான். ராத்திரிஷோ அண்ணை சொன்ன மாதிரி அது ஹெல்சின்கி மாதிரி இருக்கோ இல்லையோ எனக்குத் தெரியாது, ஆனா ஒரு காட்சி சொல்லவேணும்.

ஆப்பிரிக்காவில இருந்து வந்த சனத்தை அடைச்ச கன்டெய்னரை பொலிஸ் திறக்குது. நாங்கள் எல்லாரும் என்னத்தை எதிர்பார்ப்பம்? இருட்டு, அழுக்கு, ஆடுற கமரா, அழுகைச் சத்தம். நியூசில அப்பிடித்தான் காட்டுவினம். இதில கதவு திறந்த உடன கமரா ஆடாமல் நிக்குது, ஒவ்வொரு முகமா காட்டுது, நல்ல உடுப்பு உடுத்தின ஆக்கள், முகத்தில விழுற வெளிச்சம் ஒரு ஸ்டூடியோவில குடும்பப் படம் எடுக்கிற மாதிரி. பிறகு ஒரு வயசான ஆள் கண்ணால காட்டுறார், பெடியன் ஓடுறான்.

கன்டெய்னருக்குள்ள அப்பிடி வெளிச்சம் வராது எண்டு எனக்கும் தெரியும். எங்கட ஆக்களில கனபேர் இப்பிடி அடைபட்டுத்தான் வந்தவை, அவையளைக் கேட்டால் உள்ளுக்குள்ள என்ன இருந்தது எண்டு சொல்லுவினம். ஆனா அந்த வெளிச்சத்தில அந்தச் சனத்தைப் பாத்தபோது எனக்கு அவையளில இரக்கம் வரேல்ல, மரியாதைதான் வந்தது. அதுக்கு அந்த ஸ்டைல் வேணும் எண்டால் நாப்பது வருசம் அதையே வச்சிருக்கட்டும்.

கடைசிவரிசை:
லாசப்பல், இதுக்கு மேல நான் சொல்ல ஒண்ணுமில்ல, நன்றி. இதே மாதிரி 2017ல 'தி அதர் சைட் ஆஃப் ஹோப்' ஆரம்பத்துல சிரியாக்காரன் ஒருத்தன் கப்பல்ல நிலக்கரிக் குவியலுக்குள்ள இருந்து எழுந்து வருவான், உடம்பெல்லாம் கரி, ராத்திரி, கண்ணு மட்டும் தெரியும். அது சால்மினென் பாணில அழகு பாக்கற ஷாட் கிடையாது, அப்படியே பயமா இருக்கும். அந்தப் படத்துக்கு பெர்லின் திரைப்பட விழால அகிக்கு சிறந்த டைரக்டருக்கான வெள்ளிக் கரடி கிடைச்சுது.

ராத்திரிஷோ:
லாசப்பல் எழுதினதைப் படிச்சிட்டு கொஞ்ச நேரம் ஒண்ணும் டைப் பண்ணல.

இருந்தாலும் என் கேள்வி அப்படியே இருக்கு. கருப்பு வெள்ளை, மௌனம் எல்லாம் சரி, எல்லாமே ஒரே முதலாளி வீட்டுல. அகி சொல்றதை இவர் செய்யறார். செட் கலர் முடிவு பண்றது அகி, ஃப்ரேம் முடிவு பண்றது அகி. அந்த வீட்டை விட்டு வெளில போய் என்ன பண்ணினார்?

கடைசிவரிசை:
இதுக்காகத்தான் காத்துக்கிட்டு இருந்தேன் :)

முதல்ல அண்ணன் மிகாவை மறந்துடாதீங்க. 1985ல 'ரோஸோ'. இத்தாலில இருந்து வந்த ஒரு கொலைகாரன் ஃபின்லாந்து ரோடுகள்ல சுத்தற படம். 1990ல 'அமேசான்', பேர்லயே இருக்கு, பிரேசில் காட்டுல போய் எடுத்தது. அதே வருஷம் வந்த 'தி மேட்ச் ஃபேக்டரி கேர்ள்'ல சின்னச் சின்ன ரூமுக்குள்ள அடைஞ்சு கிடந்த மனுஷன்தான் அங்க ஆத்துலயும் காட்டுலயும் நிக்கறார். அகிக்கே 1989ல 'லெனின்கிராட் கவ்பாய்ஸ் கோ அமெரிக்கா' எடுத்தப்ப நியூயார்க்ல இருந்து மெக்சிகோ வரைக்கும், கார் கூரை மேல சவப்பெட்டியோட ரோடு ரோடா சுத்தியிருக்காங்க.

ஆனா என் துருப்புச் சீட்டு 2014ல வந்த 'ஹவ்ஹா'. அர்ஜென்டினா டைரக்டர் லிசாண்ட்ரோ அலோன்சோ. அவர் அதுக்கு முன்னாடி எடுத்த படமெல்லாம் ஒரு மனுஷன் காட்டுலயோ பனிலயோ நடந்து போவான், பேச்சு இருக்காது, இருக்கற வெளிச்சத்துல எடுத்த மாதிரி இருக்கும். அகி உலகத்துக்கும் அதுக்கும் சம்பந்தமே இல்ல. அவர் போய் சால்மினெனைக் கூப்பிட்டார். பத்தொம்பதாம் நூற்றாண்டு படகோனியா, டென்மார்க்ல இருந்து வந்த ராணுவ இன்ஜினியரா விகோ மார்ட்டென்சன், ஒரு சிப்பாயோட ஓடிப்போன தன் மகளைத் தேடிக்கிட்டு போறார். படம் கிட்டத்தட்ட சதுர ஃப்ரேம், நாலு மூலையும் வளைஞ்சிருக்கும், தாத்தா காலத்து போட்டோ மாதிரி. அவ்வளவு பெரிய நிலத்தை எடுக்கறவங்க எல்லாம் அகலமா சினிமாஸ்கோப் போடுவாங்க, இவங்க குறுக்கிக்கிட்டாங்க, அதனால ஆளு ரெண்டு பக்கமும் ஓட வழியில்லாம உள்ள உள்ள போய்க்கிட்டே இருக்கான், அவன் புள்ளியா ஆகற வரைக்கும் ஷாட் கட் ஆகாது. புல்லு பச்சை, சிப்பாய் யூனிஃபார்ம், வானம், எல்லாக் கலரும் திக்கா இருக்கும். கான்ஸ் திரைப்பட விழால விமர்சகர்களோட ஃபிப்ரெஸ்கி பரிசு வாங்கிச்சு.

பட்டர்பேப்பர்:
ஹவ்ஹால நான் கவனிச்ச ஒண்ணு. வெளில, பட்டப்பகல்ல எடுத்த ஷாட்லயும் முகத்துல லைட் போட்டிருக்கற மாதிரி தெரியும். பின்னாடி நிஜமான பொட்டல் காடு, முன்னாடி ஆளு மட்டும் ஸ்டூடியோல நிக்கற மாதிரி தனியா வெட்டி எடுத்தாப்பல நிப்பார். விகோ ராத்திரி பாறை மேல படுத்து நட்சத்திரம் பாக்கற இடம் இருக்கே, அங்க எந்த நிலாவும் அப்படி அடிக்காது, அது அப்பட்டமா விளக்கு. ஹெல்சின்கி கிச்சன்ல வெச்ச அதே லைட்டைத் தூக்கிட்டுப் போய் படகோனியால வெச்சிருக்கார்.

ராத்திரிஷோ, இது உங்க கட்சிக்கும் சாதகம் எங்க கட்சிக்கும் சாதகம், எப்படி வேணா எடுத்துக்கங்க. வேலை அதே வேலை. ஆனா அகி படத்துல அது உங்களுக்கு பழைய சினிமா ஞாபகத்தைக் கொடுக்குது, இங்க அதே வெளிச்சம் இந்த இடமே நிஜமா இல்ல கனவான்னு சந்தேகத்தைக் கொடுக்குது. கடைசில படம் சட்டுனு இன்னொரு காலத்துக்குத் தாவறப்ப, ஆரம்பத்துல இருந்தே அதுக்கு ரெடி பண்ணிட்டு வந்திருக்கார்னு புரியும்.

ராத்திரிஷோ:
ஹவ்ஹா பாத்திருக்கேன், கேமரா யாருன்னு கவனிக்கல. சரி, அந்த சதுர ஃப்ரேமுக்கு ஒரு மார்க் தர்றேன்.

ஆனா ஃபின்லாந்துலயே வெர்சடைல்னு கேட்டா என் ஓட்டு கேமராமேன் ஜே.பி. பாஸ்ஸிக்கு. யூஹோ குவோஸ்மனென் டைரக்ட் பண்ணின ஓல்லி மாக்கி குத்துச்சண்டை படம், 2016ல கான்ஸ்ல அன் செர்டன் ரிகார்ட்ங்கற பிரிவோட பரிசு வாங்கினது, அது 16 எம்எம் கருப்பு வெள்ளை ஃபிலிம்ல எடுத்தது, 1962ல யாரோ நியூஸ்ரீல்காரன் எடுத்த மாதிரியே இருக்கும். அடுத்து 2021ல அதே டைரக்டரோட 'கம்பார்ட்மென்ட் நம்பர் 6', ரஷ்ய ரயில் பெட்டிக்குள்ள, கேமராவைக் கைல பிடிச்சுக்கிட்டு, ரெண்டு பேர் மூச்சு விடற தூரத்துல. கான்ஸ்ல கிராண்ட் ப்ரி. அந்த ரெண்டுக்கும் ஒட்டு உறவே தெரியாது. இதைத்தான் நான் சொல்றேன்.

சினிமாகிறுக்கி:
பாஸ்ஸி அருமையான ஆள், ஒத்துக்கறேன். ஆனா நீங்க சொன்ன ரெண்டு படமும் ஒரே டைரக்டர் :) உங்க ரூலை உங்க ஆளுக்கும் வைங்க.

எனக்கு இந்த யார் பெரியவர் விளையாட்டே கொஞ்சம் அலுப்பு. நான் திரும்பத் திரும்பப் போறது மேட்ச் ஃபேக்டரி கேர்ள் கிட்டதான். ஆரம்பத்துல மரக்கட்டையை மெஷின் சீவுது, சீவல் குச்சியா ஆகுது, குச்சி பெட்டிக்குள்ள போகுது, கடைசியா அந்தப் பொண்ணோட கை வருது, அப்புறம்தான் முகம். மெஷினுக்கு என்ன லைட்டோ அதேதான் அவளுக்கும், ஒரு இம்மி கூட கூட்டல. அப்புறம் டான்ஸ் ஹால். சுவரோரம் பெஞ்சுல பொண்ணுங்க வரிசையா உக்காந்திருப்பாங்க, ஒவ்வொருத்தரா ஆட யாராவது கூப்பிட்டுப் போவாங்க, இவ மட்டும் மிஞ்சுவா. கேமரா கிட்டப் போகாது, சோகமா லைட் குறையாது, மத்தவங்க இருந்தப்ப என்ன வெளிச்சமோ அதே வெளிச்சத்துல காலி பெஞ்சும் இவளும். வேற யாரா இருந்தாலும் அங்க ஒரு க்ளோசப் வெச்சு அழ வெச்சிருப்பாங்க. யாரும் வாயத் தொறந்து பேசறதுக்கே ரொம்ப நேரமாகும் அந்தப் படத்துல, அதுக்குள்ள அவ வாழ்க்கை மொத்தமும் தெரிஞ்சிடும். மொத்தப் படமே 70 நிமிஷத்துக்குள்ளதான்.

எஸ்போவாசி:
2023 கான்ஸை யாரும் சொல்லலியே. ஒரே வருஷத்துல இவர் பேர் ரெண்டு படத்துல. அகியோட 'ஃபாலன் லீவ்ஸ்' போட்டிப் பிரிவுல ஜூரி பரிசு வாங்கிச்சு. கதை இப்ப நடக்குதுன்னு ரேடியோல வர்ற உக்ரைன் போர்ச் செய்தியை வெச்சுதான் தெரியும், மத்தபடி வீடு, பார், சுவரு எல்லாம் 1970ல நிக்குது, படமும் 35 எம்எம் ஃபிலிம்தான். அதே விழால அலோன்சோவோட 'யூரேகா'வும் வந்துச்சு, அதுக்கு சால்மினெனும் மவ்ரோ ஹெர்ஸும் சேந்து கேமரா. கருப்பு வெள்ளை கவ்பாய் படமா ஆரம்பிக்கும், அங்கேருந்து தெற்கு டகோட்டாவுல பூர்வகுடி மக்கள் இருக்கற பைன் ரிட்ஜ்ல பனி கொட்டற ராத்திரில ஒரு போலீஸ்காரம்மா பின்னாடி போகும், அப்புறம் பிரேசில் காடு. எழுபது வயசு தாண்டின மனுஷன் பேர்ல ஒரே வருஷம் இந்த ரெண்டும்.

கடைசிவரிசை:
எஸ்போவாசி, யூரேகா நான் இன்னும் பாக்கல. எப்படி இருக்கு?

எஸ்போவாசி:
ரெண்டரை மணி நேரம் கிட்ட ஓடும். முதல் பகுதி முடியற விதம் செம, அதை இங்க சொன்னா ஸ்பாய்லர். நடு பகுதில பொறுமை வேணும், ரொம்பவே வேணும். ஆனா அந்த போலீஸ் கார் ஹெட்லைட்டும் பனியும் ரொம்ப நாள் மனசுல நிக்கும்.

ராத்திரிஷோ:
சரி, என் கடைசி வார்த்தை. நல்ல கேமராமேன், ஒரே விளக்கை வெச்சுக்கிட்டு ஊர் ஊரா போனவர், வெர்சடைல்ங்கற பட்டம் மட்டும் நான் தர மாட்டேன். யூஹாவும் யூரேகாவும் பாத்துட்டு வரேன், அதுக்கப்புறம் வேணா திரும்ப அடிச்சுக்கலாம்.

பட்டர்பேப்பர்:
யூஹா முதல்ல பாருங்க. யூரேகாவை ராத்திரி பத்து மணிக்கு மேல போடாதீங்க, உங்க பேருக்கு அது ஒத்து வராது.